திரையில் அம்மாவின் வாய்

வாரமெல்லாம் நின்று துணி வெட்டியதில் ராபினுக்கு முழங்கால் விண்விண்ணென்று தெறித்தது. ஞாயிற்றுக்கிழமையும் உட்கார மனமில்லை. கம்ப்யூட்டர் முன்னால் நின்றபடியே பார்த்தான். படம் டிவிடிக்காக மாறிக்கொண்டிருந்தது, நாற்பத்தொரு சதவீதம்.

"பதினோரு மணிக்குக் கரண்டு போயிருமுங்க," என்று வாசலில் சொல்லிவிட்டுப் போனார் வீட்டுக்காரர் சுப்பையன்.

ஞாயிறுகளில் பழைய வீடியோ கேசட்டைச் சிடி, டிவிடியாக்கித் தருவது அவனுக்குப் பக்கத்தொழில். இது மூன்று மணி நேரக் கல்யாண கேசட். பூஞ்சை பிடித்தது, டெக்கில் ஓட்டிக் கம்ப்யூட்டரில் ஏற்றி முடிக்கும்போதே நாடா அறுந்துவிட்டது. இனி ஹார்டு டிஸ்கில் இருப்பதுதான் மிச்சம்.

கேசட் அனுசுயாவினுடையது. அவன் கம்பெனியிலேயே தைத்த துணியில் பழுது தேடும் செக்கிங் பார்க்கிறவள். ஒன்பது வயதில் வந்த காய்ச்சலில் காது போய்விட்டது. செத்துப்போன அம்மா பேசுவது அக்காவின் கல்யாணப் படத்தில் மட்டும்தான் இருக்கிறது. பேச்சைக் கீழே எழுத்தாகப் போட்டுத் தரச் சொல்லியிருந்தாள். ஒரே சிடியில் அடங்கட்டும் என்று முதலில் சுருக்கிக் கொடுத்தான்.

"எழுத்து இருக்குண்ணே, அம்மா வாயத்தான் காணோம். புளியக் கரைச்ச மாதிரி இருக்கு," என்று திருப்பிக் கொண்டுவந்துவிட்டாள். உதட்டைப் பார்த்துப் பேச்சைப் பிடிக்கிறவள்.

அதனால்தான் இப்போது முழுத் தரத்தில், இரண்டு டிவிடியாக. ஆனால் ஒரு வரியை அவன் மாற்றியிருந்தான். 'இந்தச் செவிட்ட எவன் கட்டுவான், எனக்கு முந்தி இது போய்ச் சேந்தா நிம்மதி' என்று படத்தில் யாரிடமோ சொல்கிறாள் அம்மா. அதற்குக் கீழே 'சின்னவளுக்கும் நல்லது நடக்கணும்' என்று அடித்திருந்தான். படம் தெளியத் தெளிய அம்மாவின் உதடு ஒவ்வொரு சொல்லையும் காட்டிக்கொடுத்தது. மங்கலாகவே விட்டிருக்கலாம்.

பதினொன்றுக்குக் கரண்டு போனது. வந்தபின் மறுபடி முதலிலிருந்து. ஒருவழியாக முடித்து டிவிடி போட்டபோது சாயங்காலம் ஆகியிருந்தது. அனுசுயா வந்து டிவி முன்னால் உட்கார்ந்தாள். அந்த இடம் வந்ததும் நிறுத்தினாள். பின்னால் ஓட்டினாள். மூன்று தடவை. பிறகு பழுதுத் துணியில் ஒட்டுகிற அம்பு ஸ்டிக்கர் ஒன்றைப் பையிலிருந்து எடுத்துத் திரையில் அம்மாவின் உதட்டோரம் ஒட்டினாள்.

"வாய் ஒண்ணு சொல்லுது, எழுத்து ஒண்ணு சொல்லுது."

"பழைய டேப்பு தாயி. இரைச்சல்ல கேக்கல."

"உங்களுக்குமா காது கேக்காது?" சிரிக்காமல் கேட்டாள். "செவிடுன்னு வருது பாருங்க. அந்த வார்த்தை எனக்கு எந்த வாயில வந்தாலும் தெரியும். மிச்சம் என்ன?"

ராபின் முழங்காலைத் தடவினான்.

"அடுத்த ஞாயிறு திருத்தித் தாரேன்."

"அதுவரைக்கும் இது ரிஜெக்ட்," என்று டிவிடியை எடுத்து அவன் கையில் கொடுத்துவிட்டுப் போனாள்.

ஞாயிறுகள் நான்கு போய்விட்டன. ராபின் அனுசுயாவுக்கு ஒரு வரி பாக்கி: அவள் அம்மா சொன்னது, சொன்னபடியே.