பெட்டிக்கு வெளிச்சம்

“இன்னும் ரெண்டு கொப்பு இறக்கணுமாம்ணே. வெளிச்சம் பத்தலையாம்.”

“ஏலச்செடிக்கு எதுக்குப்பா வெளிச்சம்? கருகிப் போகும்ல?”

“செடிக்கில்ல. பெட்டிக்கு.”

மரத்தின் மேலிருந்து ஒச்சப்பன் கீழே பார்த்தான். பேசியது ஐசக், காரைக்காலில் பிரெஞ்சு படித்த போடிக்காரன். அவனுக்குப் பின்னால், முக்காலியில் படம் பிடிக்கும் பெட்டி நின்றது. பக்கத்தில் எத்தியேன் துரை கைகளைக் கட்டிக்கொண்டு நின்றார்.

1924, ஐப்பசி. போடிமெட்டுக்கு மேலே, விடியும் முன்பே பெண்கள் சரிவில் இறங்கியிருந்தார்கள். ஏலக்காய் செடியின் தூரில், மண்ணை ஒட்டிக் காய்க்கும். குந்தியபடியே நகர்ந்து, பழுத்ததை மட்டும் விரலால் தடவிக் கிள்ள வேண்டும். கணுக்காலில் அட்டை கடிப்பது தெரியாது. இரத்தம் இறங்குவதும் மழை ஈரத்தோடு ஈரமாகத் தெரியாமலே போகும்.

துரை பாரிசில் ஊமைப் படங்களுக்குக் கதை எழுதி, படமும் எடுக்கிறவர். போரில் நாலு வருடம் பதுங்குகுழியில் கிடந்தவர். திரும்பி வந்து எழுதிய கதைகளில் யாருமே அழவில்லை என்று படமுதலாளிகள் திருப்பிக் கொடுத்துவிட்டார்களாம். ஒருவர் மட்டும், வாசனைச் சரக்கு விளையும் மலையைப் படம் பிடித்து வா என்று கப்பலேற்றினாராம். ஐசக் இதைச் சொன்னபோது, காய் கிள்ளிக்கொண்டிருந்த முனியாயி, “அழுகையத் தேடியா இம்புட்டுத் தொலவு வந்தாரு? எங்க முதலாளிகிட்ட ஒரு மாசம் சோலி பாத்தாப் போதுமே” என்றாள்.

கொப்புக் கழிப்பது வைகாசியில், மழைக்கு முன்னால், பட்டை காய்ந்திருக்கும்போது. ஐப்பசியில் யாரும் நிழல்மரம் ஏறுவதில்லை, பாசி வழுக்கும். துரைக்கு அது தெரியாது. தோட்ட முதலாளி சுருளிவேலுக்குத் தெரியும்.

அடுத்த கொப்பு முறிந்தபோது ஒச்சப்பனும் கூடவே கீழே வந்தான்.

அவன் கத்தவில்லை. முழங்காலுக்குக் கீழே எலும்பு வெள்ளையாக வெளியே நின்றது. அந்தச் சரிவில் முதன்முறையாக வெயில் விழுந்திருந்தது. அவன் மனைவி கருத்தம்மா, கையிலிருந்த காய்களைக் கூடையில் போட்டுவிட்டுத்தான் எழுந்து வந்தாள். ஏன் அப்படிச் செய்தாள் என்று அவளுக்கே தெரியவில்லை.

துரை பார்த்துக்கொண்டே நின்றார். இப்படிப்பட்ட கால்களை அவர் நிறையப் பார்த்திருந்தார்.

“பச்சிலைப் பத்துப் போட்டுப் படுக்க வைங்க” என்றார் முதலாளி. “வெயில் போறதுக்குள்ள படம் முடியட்டும். ம், குந்துங்க.”

“போடி ஆசுபத்திரிக்குக் கொண்டு போகணும். டோலி வேணும்” என்றாள் கருத்தம்மா.

“டோலி துரைக்கும் அவரு சாமானுக்கும் வந்தது.”

“துரைக்குக் காலு ரெண்டும் நல்லாத்தான இருக்கு?” என்றாள் முனியாயி.

“மலைய விட்டு இறங்குறவுக திரும்ப ஏற வேணாம்” என்றார் முதலாளி. “ ராசிங்காபுரத்துல கூப்பிட்டா நூறு பேரு வருவான்.”

“அது எங்க ஊருதான் முதலாளி. நாங்க ஏன் இறங்குனோம்னு அங்கயும் போய்ச் சொல்லிட்டு வர்றோம்” என்றாள் முனியாயி.

யாரும் குந்தவில்லை. ஒரு கூடை தரையில் இறங்கியது. பிறகு இன்னொன்று. சுமை தூக்கும் அழகுமலை டோலியிலிருந்த துரையின் சாமான்களை ஒவ்வொன்றாக எடுத்து, நனையாதபடி ஏல இலைகளின் மேல் வைத்தான். ஒச்சப்பனைக் கிடத்தினார்கள். நான்கு பேர் தோள் கொடுத்தார்கள். தோள் மாற்ற எட்டுப் பேர் நின்றார்கள். பெண்கள் பின்னால் வரிசையானார்கள். நாளைக்குத் தோட்டத்துக் குடிசைகள் தங்களுக்கு இருக்குமா என்று நாற்பது பேரில் ஒருவருக்கும் தெரியாது. ஆனாலும் ஒருவரும் கூடையைத் திரும்ப எடுக்கவில்லை.

கருத்தம்மா துரையின் முன்னால் வந்து நின்றாள்.

“ஐசக் தம்பி, துரைகிட்டக் கேளுங்க. கால் எப்படி ஒடிஞ்சதுன்னு ஆசுபத்திரியில கேப்பாக. எங்க வீட்டுக்காரரு தானா ஏறி விழுந்தாருன்னு முதலாளி எழுதி அனுப்பிருவாரு. நாங்க நாப்பது பேரும் நடந்ததச் சொல்லுவோம். எங்க பேச்ச எழுதிக்க மாட்டாக. பெட்டிக்கு வெளிச்சம் வேணும்னுதான் ஏறச் சொன்னதுன்னு துரையும் கூட வந்து சொல்லணும். வருவாரான்னு கேளுங்க.”