நாகசுத் தீவில் ஐம்பது நிமிடம்

யசுதாகே நடத்தும் ஐம்பது நிமிட நடைச் சுற்றுலா இந்த அக்டோபரோடு ஒன்பதாவது வருடத்தில் நுழைகிறது. புறப்பட்டவர்கள் பதினோரு பேர். பதினோரு பேரும் நலம். கட்டணம் ஆளுக்கு மூவாயிரத்து ஐந்நூறு யென், ஒரு கிளாஸ் பீர் அதில் அடக்கம். நேரம் கூடியதற்காக யசுதாகே யாரிடமும் மேற்கொண்டு வாங்கவில்லை, குறைத்துக்கொள்ளும்படி யாரும் கேட்கவும் இல்லை. ஃபுக்குவோகாவில் இவர்களைத் தெரியாதவர்கள் கிடையாது. தெருவைக் கடக்கும்போது டாக்சிகள் நின்று வழிவிடும். பள்ளிக்கூடப் பிள்ளைகள் தலைகளை எண்ணிப் பார்த்து, கணக்கு சரியாக இருக்கிறதென்று தங்களுக்குள் சொல்லிக்கொண்டு போவார்கள்.

நாகசு என்பது இரண்டு ஆறுகளுக்கு நடுவில் கிடக்கும் ஒரு துண்டு நிலம். அதில் இரண்டாயிரம் குடிக்கடைகள் என்பார்கள். எண்ணிப் பார்க்கப் போனவர்கள் மூன்றாவது கடையிலேயே உட்கார்ந்துவிட்டதால் சரியான தொகை யாருக்கும் தெரியாது. பாவத்தைத் தொடாமல் பார்த்துவிட்டு ஒன்பது மணிக்குள் ஓட்டல் அறைக்குத் திரும்பிக் காலைக் கழுவிக்கொள்ள விரும்பும் கண்ணியவான்களுக்காக ஏற்பட்டதுதான் இந்தச் சுற்றுலா. யசுதாகே மஞ்சள் கொடியைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடப்பான். இந்தப் படிக்கட்டில்தான் ஒரு மந்திரி உருண்டு விழுந்தார் என்பான். எந்தப் படிக்கட்டு என்பது அன்றைக்குக் கூட்டம் எங்கே மூச்சு வாங்க நிற்கிறது என்பதைப் பொறுத்தது. கடைவாசலில் ஆள் பிடிக்கும் பையன்கள்கூட இந்தக் கூட்டத்தைக் கண்டால் ஒதுங்கிக் குனிந்து வணக்கம் வைப்பார்கள், காசு செலவழிக்காத மனிதர்களிடம் காட்டும் மரியாதையோடு.

ஆற்றுக்குக் கிழக்கே இருப்பது ஹக்காட்டா என்கிற பழைய ஊர். அந்த ஊர்க்காரர்கள் எதையும் கையால்தான் முடிப்பார்கள். திருவிழாப் பொறுப்பு யாருக்கு என்ற சண்டையானாலும், வீடு கைமாறுவதானாலும், சம்பந்தம் பேசுவதானாலும், கடைசியில் எல்லோரும் எழுந்து நின்று சேர்ந்து தட்டுவார்கள். இரண்டு, மறுபடி இரண்டு, பிறகு மூன்று. ஏழு தட்டு விழுந்துவிட்டால் பேச்சு அதோடு தீர்ந்தது. அதற்கு மேல் வாய் திறக்கிறவனை ஊரில் ஒரு ஆளாகவே மதிக்க மாட்டார்கள். வாய் திறப்பதைவிடப் பெரிய தப்பு ஒன்று உண்டு. ஏழு தட்டு ஓய்ந்த கையோடு, நாடகம் பார்த்தவர்கள் மாதிரிப் படபடவென்று கைதட்டிப் பாராட்டுவது. பாராட்டினால் முடிந்தது அவிழ்ந்துவிடும். ஹக்காட்டாவில் ஐந்து வயதுப் பிள்ளைக்கும் இது தெரியும். ஆனால் தோக்கியோ, சைத்தாமா பக்கத்து மனிதர்கள் லிஃப்ட் வந்து நின்றால்கூடக் கைதட்டக் கூடியவர்கள். அதனால் ஒவ்வொரு மாலையும் பாலத்தின் மேல் சுற்றுலாவை ஏழு தட்டில் முடிக்கும் முன், தயவுசெய்து யாரும் பாராட்ட வேண்டாம் என்று யசுதாகே இரண்டு தடவை கெஞ்சிக் கேட்டுக்கொள்வான்.

இந்தப் பதினோரு பேரும் புறப்பட்ட வியாழக்கிழமை அவன் கெஞ்ச மறந்துபோனான். காரணம் சுமியே. நான்காவது சந்தில் ஒரு கட்டடத்தின் இரண்டாம் மாடியில் எட்டு நாற்காலி போட்டு பார் நடத்துகிறவள். அதற்கு முந்தைய ஒன்பது வருடமாக வாரத்துக்கு மூன்று நாள் யசுதாகே அங்கே போய் மூலை நாற்காலியில் உட்கார்ந்து, தண்ணீர் அதிகம் விட்ட விஸ்கியைக் குடித்து, மழை வருமா என்பதைப் பற்றிப் பேசிவிட்டுத் திரும்பிவிடுவான். மனதில் உள்ளதைச் சொல்ல வாயைத் திறந்தால் மந்திரி உருண்ட கதைதான் வரும். சுமியே அந்தக் கதையைப் பதினாறு வெவ்வேறு படிக்கட்டுகளை வைத்துக் கேட்டிருக்கிறாள். செவ்வாய்க்கிழமை அவள் கிளாஸைத் துடைத்துக்கொண்டே, அவன் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்.

"எனக்கு நாப்பது முடியப் போவுது, யசுதாகே. வியாழக்கெழம எட்டு மணிக்கு வா. தனியா வா. சொல்றதுக்கு ஏதாவது இருந்தா சொல்லு. இல்லேன்னா, இல்லேன்னு சொல்லு. மழையப் பத்தி மட்டும் பேசாத."

இரண்டு நாள் அவன் தூங்கவில்லை. சொல்ல வேண்டிய வாக்கியத்தைக் குளியல் தொட்டியில் உட்கார்ந்து ஒத்திகை பார்த்தான். வியாழனன்று சுற்றுலாவை அவசர அவசரமாக இழுத்துக்கொண்டு ஓடி, மந்திரியை ஒரே வரியில் உருட்டிவிட்டு, ஏழு நாற்பத்தாறுக்கே பாலத்தில் ஏழு தட்டை முடித்துவிட்டான். உடனே நெமோட்டோ கைதட்டினார். நெமோட்டோ சைத்தாமாவில் ஒரு காப்பீட்டுக் கம்பெனியில் முப்பத்தெட்டு வருடம் கூட்டங்களில் உட்கார்ந்து ஓய்வு பெற்றவர். அவருக்குக் கைதட்டுவது கொட்டாவி மாதிரி, தானாக வரும். அவரைப் பார்த்து மற்ற பத்து பேரும் தட்டினார்கள். தள்ளுவண்டிக் கடைகளில் ராமென் நூடுல்ஸ் கொதிக்கவைத்துக் கொண்டிருந்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். முதலிலிருந்து மறுபடி தட்டியிருக்க வேண்டும். ஒரு நாள் விட்டால் என்ன குடிமுழுகிவிடும் என்று நினைத்த யசுதாகே, கொடியைச் சுருட்டிக்கொண்டு நான்காவது சந்துக்கு நடந்தான். பின்னால் பதினோரு பேரும் நடந்தார்கள்.

படியேறி அவன் கதவைத் திறந்தபோது எட்டு பேர் உட்கார்ந்துவிட்டார்கள், மூன்று பேர் சுவரோடு நின்றார்கள். ஒருவர் ஊறுகாயைப் படம் எடுத்தார். இதுவும் கட்டணத்தில் சேர்ந்ததா, பிரமாதமாக இருக்கிறதே என்றார் நெமோட்டோ. சுமியே அன்று நல்ல கிமோனோ கட்டியிருந்தாள். யசுதாகே அவளைப் பார்த்தான், பதினோரு ஜோடிக் கண்கள் அவனைப் பார்த்தன. ஒத்திகை பார்த்த வாக்கியத்துக்காக வாயைத் திறந்தான். இடப்பக்கம் நீங்கள் பார்ப்பது நாற்பது வருடப் பழமையான பார் என்று வாய் சொல்லிற்று. எல்லோரும் இடப்பக்கம் திரும்பித் தலையாட்டினார்கள். கிளம்பும்போது வாசலில் சுமியே, தனியாக வரச் சொன்னேன் என்றாள். நாளைக்கு வருகிறேன் என்றான் அவன். மறுநாளும் பன்னிரண்டு பேராகத்தான் போனான்.

அந்த வியாழன் இரவு பதினோரு பேரும் அவனுடைய ஒன்றரை அறை வீட்டில் வரிசையாகப் படுத்தார்கள். காலையில் போர்வைகள் மூலையில் மடித்து வைக்கப்பட்டிருந்தன. ஒருவர் பாத்திரங்களையும் கழுவியிருந்தார். சுற்றுலா முடியாமல் முதலில் கிளம்புவது மரியாதையல்ல என்று ஒவ்வொருவரும் மற்றவர்களுக்காகக் காத்திருந்தார்கள். அவர்கள் கடிகாரங்கள் ஏழு நாற்பத்தாறில் நின்றன. தலைமுடி வளரவில்லை, செருப்பு தேயவில்லை. ஐம்பது நிமிடம் ஆகாதவர்களுக்கு எதுதான் வளரும். யசுதாகேக்கு மட்டும் முன்நெற்றி ஏறிக்கொண்டே போயிற்று. பல் பிடுங்கப் போனால் பதினோரு பேரும் கடைவாய்ப் பல்லை எட்டிப் பார்த்தார்கள். பொதுக் குளியலில் ஏழு ஆண்கள் அவனோடு ஊறினார்கள். தடுப்புக்கு அந்தப் பக்கமிருந்து நான்கு பெண்கள் அடுத்தது எந்த இடம் என்று கேட்டுக்கொண்டே இருந்தார்கள். இவர்களை எந்தக் கணக்கில் எழுதுவதென்று வார்டு ஆபீஸ் குமாஸ்தா மூன்று நாள் யோசித்து, "தற்காலிக வருகையாளர்" என்று முத்திரை குத்தி அனுப்பினார். நெமோட்டோவின் மனைவி இரண்டாம் வருடம் ஒரு கடிதம் போட்டாள். அவர் அறையில் இப்போது தானும் தோழிகளும் ஹவாய் நடனம் பழகுவதாகவும், அவசரமே இல்லை என்றும், உடம்பைப் பார்த்துக்கொள்ளும்படியும் எழுதியிருந்தாள். நெமோட்டோ அதை இரண்டு முறை படித்து மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, அடுத்த கடை எது என்று கேட்டார்.

முயற்சி செய்யாமல் இல்லை. வியாழக்கிழமைதோறும் பாலத்தில் ஏழு தட்டு நடந்தது. நெமோட்டோவின் இரண்டு கைகளிலும் குடையைக் கொடுத்துப் பிடிக்கச் சொன்னார்கள். ஒருவழியாக முடிந்துவிட்டதே என்ற சந்தோஷத்தில் பக்கத்திலிருந்த அம்மாள் தட்டிவிட்டாள். எல்லோருக்கும் கம்பளிக் கையுறை மாட்டிப் பார்த்தார்கள். சத்தமில்லாத பாராட்டும் பாராட்டுதான் என்று தெரிந்தது. திருவிழாக் கமிட்டித் தலைவரே வந்து நடத்திவைத்த நாளில், கட்டுப்பாட்டைக் கண்டு நெகிழ்ந்துபோய், சம்பந்தமில்லாமல் அந்தப் பக்கம் போன ஆஸ்திரேலியர்கள் தட்டினார்கள். சுற்றுலாவை ஏற்பாடு செய்த நிறுவனம், வாடிக்கையாளர் ஒருவரும் விலகாத வழிகாட்டி என்று யசுதாகேக்கு ஒரு கேடயம் அனுப்பியது.

இந்த ஆறு வருடமும் அவன் சுமியேயின் பாருக்குப் போய்க்கொண்டுதான் இருந்தான். இவர்கள் இருக்கும்போது எப்படிச் சொல்வது என்று முகத்தைத் தொங்கப்போடுவான். அவனைப் பார்க்கப் பாவமாக இருந்தது என்று ஊர் சொன்னது. சுமியேக்கு அப்படி இல்லை, அவளுக்கு எரிச்சலாக இருந்தது. பதினோரு பேர் பின்னால் நிற்பது அவனுக்கு எவ்வளவு வசதி என்பதை அவள் முதல் குளிர்காலத்திலேயே கண்டுகொண்டாள். ஏழாவது வருடம் ஜூன் மாதத்தில் குருமே ஊர்ப் பல் டாக்டர் ஒருவர், மனைவியை இழந்தவர், மழையைப் பற்றிப் பேசாதவர், இரண்டே சந்திப்பில் அவளைக் கல்யாணம் செய்துகொள்ளக் கேட்டார். அந்த வியாழக்கிழமை சாயங்காலம், வெயில் இன்னும் ஆற்றில் கிடக்கும்போதே, சுமியே பாலத்துக்கு வந்தாள்.

"குருமேயிலேர்ந்து ஒருத்தர் கேக்கறாரு," என்றாள். "ஆறு வருஷமா இவங்களக் காட்டியே தப்பிச்சிட்டிருக்க. இன்னைக்கு இவங்க முன்னாடியே கேளு. நானும் இவங்க முன்னாடியே பதில் சொல்றேன்."

யசுதாகேயின் கை பழக்கத்தில் கொடியைத் தூக்கியது. அவள் அதைப் பிடித்துக் கீழே இறக்கினாள். தள்ளுவண்டிக்காரர்கள் அடுப்பைத் தணித்தார்கள்.

"என்னோட இருந்துடறியா, சுமியே?"

"இல்ல," என்றாள் அவள். "இத ஒண்ணு கேக்க உனக்குப் பதினஞ்சு வருஷம் ஆச்சு. நீ அடுத்தது கேக்கறதுக்குள்ள நான் போய்ச் சேர்ந்துருவேன்." பிறகு இரண்டு கைகளையும் உயர்த்தினாள். "வா, முடிச்சிருவோம்."

ஹக்காட்டாவில் பிறந்தவன் அந்தக் கைகளுக்கு மறுப்புச் சொல்ல முடியாது. பதின்மூன்று பேரும் தட்டினார்கள். இரண்டு, இரண்டு, மூன்று. அதற்குப் பிறகு யாரும் பாராட்டவில்லை. வேண்டாம் என்று சொல்லப்பட்ட ஒரு மனிதனுக்கு எப்படிக் கைதட்டுவது என்று முப்பத்தெட்டு வருடக் கூட்டங்களில் நெமோட்டோவுக்கு யாரும் கற்றுத் தரவில்லை. கடிகாரங்கள் ஓடத் தொடங்கின. பதினோரு பேரும் மணி பார்த்தார்கள், இவ்வளவு நேரமாகிவிட்டதே என்றார்கள், வரிசையாகக் குனிந்து நன்றி சொல்லி ரயில் நிலையத்தை நோக்கி நடந்தார்கள். நெமோட்டோ எல்லோரையும்விடத் தாழக் குனிந்தார். சுமியே எதிர்ப்பக்கம் போனாள்.

யசுதாகே பாலத்தில் தனியாக நின்றான். ஆறு வருடமாக இதற்குத்தான் வேண்டிக்கொண்டிருந்தான். அவன் முதுகுக்குப் பின்னால் யாரும் இல்லை, போவதற்கு ஓரிடமும் இல்லை. அவனுக்கு அழுகை வந்தது. சுமியே பாலத்தின் கடைசி விளக்குக் கம்பத்தை நெருங்கிவிட்டாள். அதைத் தாண்டினால் நான்காவது சந்து, அங்கிருந்து குருமே. அவன் கொடியைத் தரையில் வைத்தான். ஒருவனாக நின்று, தன் வாழ்க்கையில் அதுவரை எதற்கும் தட்டாத வேகத்தில், படபடவென்று கைதட்டினான்.

ராமென் கடைக்காரர் கையில் கரண்டி அப்படியே நின்றது. ஹக்காட்டாக்காரன் ஒருவன் தெரிந்தே இதைச் செய்து அதுவரை யாரும் பார்த்ததில்லை. பாலத்தை ஒட்டிய நிலையத்தின் படியில் இறங்கப் போன பதினோரு பேரும் திரும்பினார்கள். ஒருவர்கூட முணுமுணுக்கவில்லை, நெமோட்டோ சிரித்துக்கொண்டே முன்னால் வந்தார் என்று நிலையக் காவலர் சொன்னார். சுமியே நின்றாள். பிறகு விடுவிடுவென்று திரும்பி வந்தாள்.

"கேவலமான ஆளுய்யா நீ. ஊரே பாத்துட்டிருக்கு."

"தெரியும்."

"குருமேக்காரருக்கு நான் என்ன பதில் சொல்றது?"

"பேச்சு இன்னும் முடியலேன்னு சொல்லு," என்றான் யசுதாகே. வழிகாட்டிக் குரலில் இல்லாமல் அவன் பேசியதை அவள் அன்றுதான் கேட்டாள்.

அவிழ்ந்து கிடக்கும் பேச்சை வைத்துக்கொண்டு வேறு சம்பந்தம் பேசும் வழக்கம் ஹக்காட்டாவில் கிடையாது. பல் டாக்டர் ஒரு வருடம் காத்திருந்துவிட்டு ஒரு மருந்துக்கடைக்காரியைக் கட்டிக்கொண்டார். தன் கல்யாண இனிப்பில் ஒரு பெட்டியைச் சுமியேக்கும் அனுப்பினார். இப்போது வியாழக்கிழமைதோறும் மாலை ஆறு மணிக்குப் பாலத்தில் யசுதாகே கேட்கிறான். சுமியே இல்லை என்கிறாள். காரணம் மட்டும் வாரத்துக்கு வாரம் மாறும். பதினோரு பேரும் சாட்சியாக நிற்க ஏழு தட்டு விழுகிறது. அதற்குப் பிறகு கொஞ்ச நேரம் ஆற்றுச் சத்தம் மட்டும் கேட்கும். முதல் வருடம் முழுக்க அந்தச் சத்தத்தைக் கலைத்துக் கைதட்டியவன் யசுதாகேதான். போன ஜூனிலிருந்து பெரும்பாலும் தட்டுவது சுமியே.