படத்தில் வராத சொல்

ஞானையாவின் வாயில் மிஞ்சியது ஒரே ஒரு சொல். அதுவும் வசவு.

தமிழ், இங்கிலீஷ், சிங்களம், மலையாளம் என்று நாலு மொழிகளை வைத்துக்கொண்டு, தூத்துக்குடித் துறைமுகத்தில் ஒரு கப்பல் கம்பெனிக்கு முப்பது வருஷம் மொழிபெயர்த்துப் பிழைத்த மனிதர் அவர். 1946ஆம் வருஷம் ஆவணி மாதம், ஒரு புதன்கிழமை காலையில் சவரம் பண்ணிக்கொண்டிருந்தவர் கத்தியோடு சரிந்தார். வலது கையும் வலது காலும் விழுந்துவிட்டன. நாலு மொழியும் ஒருசேரப் போயின. பதினோராம் நாள் மனைவி தேவமணி கஞ்சி ஊட்ட வந்தபோது, சூடு ஆறட்டும் என்று சொல்வதற்காக வாயைத் திறந்தார். 'சவத்துமூதி' என்று வந்தது.

தேவமணி கஞ்சியைச் சிந்திவிட்டாள். அவருக்கு அதைவிட அதிர்ச்சி. சின்ன வயதில் பனங்காட்டு ஊரில் ஆடு மாடு முதல் அண்டைவீட்டுக்காரி வரை எல்லாரையும் அவருடைய அம்மா திட்டிய சொல் அது. நாசரேத்துப் பள்ளிக்கூடமும் கோட்டும் டையும் சேர்ந்து அதை அவர் வாயிலிருந்து விரட்டி நாற்பது வருஷமாகிறது. படித்த சொல்லெல்லாம் ஓடிப்போக, விரட்டின சொல் மட்டும் திரும்பி வந்து உட்கார்ந்துகொண்டது. தண்ணீர் கேட்டாலும் அதுதான், ஜெபத்துக்கு ஆமென் சொன்னாலும் அதுதான். இதென்ன அக்கிரமம் என்று உள்ளுக்குள் குமைந்தார். குமைந்ததைச் சொல்லப் போனால் அதற்கும் அதே சொல்தான் வந்தது.

பார்க்க வந்தவர்கள், பேச்சோடு புத்தியும் போய்விட்டது என்று முடிவு கட்டிவிட்டார்கள். கட்டிலுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டு, எத்தனை நாள் தாங்குவார், வேலையில் அடுத்து யாரைப் போடுவார்கள் என்றெல்லாம் கூசாமல் பேசினார்கள். அத்தனையும் அவருக்குப் புரிந்தது. கண்ணெதிரே இருக்கும் கூஜாவைப் பார்த்தால், அது தண்ணீர் வைக்கிற சாமான், கொழும்பில் வாங்கியது, மூடி கொஞ்சம் நெளிந்தது என்று எல்லாம் தெரியும். பெயர் மட்டும் கிடையாது. ஆபீசில் தோணிக்காரன் எவனாவது பேச்சுத் தடுமாறி நின்றால், 'வார்த்தை இல்லாதவனுக்கு எண்ணம் ஏது?' என்று துரையிடம் இங்கிலீஷில் சொல்லிச் சிரித்தவர் இந்த ஞானையாதான். எத்தனை பேரை அப்படிக் கேலி பண்ணியிருப்போம் என்று இப்போது நினைத்தால் அவருக்குத் தன்மேலேயே எரிச்சல் வந்தது.

ஆனால் அவரைத் தின்றுகொண்டிருந்த கோபம் இது அல்ல. அது தேவபிரசாதத்தைப் பற்றியது.

பக்கவாதம் வருவதற்கு ஒரு மாதம் முன்னால், கொழும்புக் கப்பலில் ஒரு சிங்களப் பெண் வந்து இறங்கினாள். கழுத்தை ஒட்டிய கொண்டை, கையில் நாலு வயதுப் பெண் குழந்தை. கம்பெனியின் கொழும்புக் கிளையில் குமாஸ்தாவாக இருக்கும் தேவபிரசாதம் தன் புருஷன் என்றாள். தாயாருக்குச் சுகமில்லை என்று லீவு போட்டுச் சாத்தான்குளத்துக்குப் போனவர் ஆறு மாதமாகக் கடிதம் போடவில்லை என்றாள். கல்யாண போட்டோவை எடுத்து மேஜையில் வைத்தாள். அவள் சிங்களத்தில் அழுததை ஞானையா ஒரு சொல் குறையாமல் இங்கிலீஷில் துரைக்குச் சொன்னார். இது கம்பெனி விவகாரம் இல்லை, அடுத்த கப்பலிலேயே ஏற்றிவிடு, வெளியே ஒரு வார்த்தை போகக் கூடாது என்றார் துரை. அதையும் ஒரு சொல் குறையாமல் சிங்களத்தில் அவளுக்குச் சொன்னார். அன்று அதைத் தொழில் நேர்த்தி என்று நினைத்துக்கொண்டார்.

அப்புறம் ஒரு திங்கட்கிழமை மைத்துனர் ஜெபசீலனிடமிருந்து தபால் வந்தது. தேவமணியின் அண்ணன், சாத்தான்குளத்தில் தலைமையாசிரியர். ஜீவமணிக்கு நல்ல இடம், கொழும்பு உத்தியோகம், பையன் போட்டோ இணைத்திருக்கிறேன் என்று எழுதியிருந்தார். அந்தப் போட்டோவில் அதே முகம், அதே கோட்டு. மகள் ஜீவமணிக்கு இருபத்திரண்டு வயது, வாத்தியாரம்மா. தபாலைப் படித்த மாத்திரத்தில் சொல்லியிருக்க வேண்டியதுதானே? ஆபீஸ் ரகசியத்தை எப்படி உடைப்பது, எந்த வார்த்தையில் தொடங்குவது என்று மனிதர் திங்களும் செவ்வாயும் யோசித்துக்கொண்டிருந்தார். நாலு மொழிக்காரருக்கு ஒரு தொடக்கம் அகப்படவில்லை. புதன்கிழமை விழுந்தார். அந்த இரண்டு நாளை நினைக்கும்போதெல்லாம் அவர் இடது கையால் தன் நெற்றியிலேயே அடித்துக்கொள்வார். வலி போலிருக்கிறது என்று தேவமணி தைலம் தேய்த்துவிடுவாள்.

புரட்டாசியில் ஜெபசீலன் நேரிலேயே வந்தார். கெட்டவர் இல்லை. எதற்கும் ஒரு விளக்கம் வைத்திருப்பவர், அதுதான் அவருடைய வியாதி. கட்டில் பக்கம் குனிந்து, சத்தமாக, செவிடனிடம் பேசுவதுபோலக் கேட்டார்.

"அத்தான், ஜீவமணிக்கு இந்தச் சம்பந்தம் உங்களுக்குச் சம்மதம்தானே?"

கூடாது என்று ஞானையாவின் உடம்பு முழுவதும் சொன்னது. தலை மட்டும் மேலும் கீழுமாக ஆடியது. அந்தத் தலைக்கு அந்த ஒரு ஆட்டம்தான் தெரியும். தலைவலியா என்று கேட்டாலும் அப்படித்தான் ஆடும், இல்லையா என்று கேட்டாலும் அப்படித்தான். அப்பாவுக்குச் சம்மதமென்றால் தனக்கும் சம்மதம் என்று கதவருகே நின்ற ஜீவமணி சொல்லிவிட்டாள். போட்டோவைப் பைக்குள் பத்திரமாக வைத்துக்கொண்டு ஜெபசீலன் புறப்பட்டார். கோயிலில் மூன்று ஞாயிறு கல்யாண அறிவிப்பான ஓலையை வாசித்து, அடுத்து வரும் வியாழக்கிழமை கல்யாணம் என்று ஏற்பாடாயிற்று.

முதல் ஓலை வாசித்த அன்று ஞானையா சாப்பிட மறுத்தார். இரண்டாவது ஓலைக்குப் பிறகு மகளின் பென்சிலைப் பிடுங்கினார். எழுதப் பார்த்தார், எழுத்தும் போயிருந்தது, புழு நெளிந்த மாதிரி கோடுதான் வந்தது. சரி, படம் போடுவோம் என்று இடது கையால் ஒரு மத்தியானம் முழுக்க மல்லுக்கட்டினார். ஒரு கப்பல். கோட்டுப் போட்ட ஒரு ஆள். பக்கத்தில் கழுத்தை ஒட்டிய கொண்டையோடு ஒரு பெண். அவள் கையைப் பிடித்துக்கொண்டு ஒரு குழந்தை. சின்னப் பிள்ளை போட்டதுபோல இருந்தாலும் எல்லாம் இருந்தது.

எல்லாம் இருந்ததா? முடித்த பிறகுதான் அவருக்குத் தெரிந்தது. ஆளைப் போடலாம், கப்பலைப் போடலாம். 'ஏற்கெனவே' என்பதை எப்படிப் போடுவது? 'வேண்டாம்' என்பதற்கு என்ன உருவம்? முப்பது வருஷமாக அவர் திரும்பிக்கூடப் பார்க்காமல் தாண்டிப் போன சின்னச் சின்னச் சொற்கள் அவை. எண்ணம் தலைக்குள் முழுசாக, அந்தச் சொற்களும் சேர்ந்தே, கல்லுப்போல உட்கார்ந்திருந்தது. தாளுக்கு வந்தால் அவை மட்டும் வரவில்லை. ஆத்திரத்தில் பென்சிலை அழுத்தி, படத்தின் குறுக்கே, ஒன்றையொன்று வெட்டுகிற மாதிரி, இரண்டு கோடு கிழித்தார்.

சாயங்காலம் கல்யாண வேலையாக வந்த ஜெபசீலன் படத்தை வாங்கிப் பார்த்தார். கண்கலங்கிவிட்டார் மனிதர்.

"பாத்தியா தேவமணி, கொழும்புக்குக் கப்பலேறிப் போயி, பிள்ளையும் குட்டியுமா இருக்கணும்னு போட்டிருக்காவ. மேல பாரு, சிலுவை. ஆசீர்வாதம் பண்ணியிருக்காவ."

ஜீவமணிக்கு ஏது கொண்டை, பின்னல்தானே என்று தேவமணி கேட்டதற்கும் அவரிடம் விளக்கம் இருந்தது: கல்யாணமானால் கொண்டை போடமாட்டாளா? ஞானையா கைத்தடியால் கட்டில் காலை அடித்து அடித்து அந்த ஒரே சொல்லைக் கத்தினார். வியாதி பேசுகிறது என்று ஜெபசீலன் பெருந்தன்மையாகப் பொறுத்துக்கொண்டார். இவர் பொறுத்துக்கொண்டதைத்தான் ஞானையாவால் பொறுக்க முடியவில்லை. ஜீவமணி தாளை மடித்துத் தன் வேதபுத்தகத்துக்குள் வைத்துக்கொண்டாள்.

அந்த வாரம் முழுக்க அவர் கத்தவில்லை. கிடந்து யோசித்தார். வார்த்தை இல்லாமல் யோசிக்க முடியுமா என்று முன்பு யாராவது கேட்டிருந்தால் சிரித்திருப்பார், இப்போது யோசித்தார். வீட்டில் எதைக் கேட்டாலும் இந்தப் பாழாய்ப் போன தலை ஆடும், ஆடினால் சம்மதம். ஆனால் ஓலை வாசிக்கும்போது குருவானவர் கேட்கிற கேள்வி வேறு மாதிரி. தடை உண்டா என்பார். அங்கே சும்மா இருந்தால்தான் சம்மதம். வாயைத் திறந்தால், எந்தச் சொல் வந்தாலும் அது தடை. ஒரே ஒரு சொல் வைத்திருப்பவனுக்கு உலகத்தில் அந்த ஒரு இடம்தான் இருக்கிறது.

மூன்றாம் ஞாயிறு காலை, முதல் மணி அடித்ததும் தடியால் தரையைத் தட்டி வாசலைக் காட்டினார். அந்த வாயோடு கோயிலுக்கா என்று ஜெபசீலன் பதறினார். கோயிலுக்கு வருகிறேன் என்கிற மனிதரைத் தடுக்க நீ யார் என்று தேவமணி முதல்முறையாக அண்ணனிடம் சீறினாள். குதிரைவண்டியில் ஏற்றிக் கொண்டுபோய், ஆண்கள் பக்கம் முன்வரிசையில் உட்காரவைத்தார்கள். ஜெபசீலன் கையில் துண்டோடு பக்கத்திலேயே உட்கார்ந்தார். தேவைப்பட்டால் வாயைப் பொத்தலாம் என்று எண்ணம்.

ஞானையா பாட்டுக்கு வாய் திறக்கவில்லை. ஜெபத்துக்கு ஆமென் சொல்லவில்லை. இடது முஷ்டியை வாயில் வைத்து அழுத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இருக்கிற ஒரே தோட்டாவை அவர் கண்ட இடத்தில் செலவழிக்கத் தயாராக இல்லை.

ஓலை வாசிப்பு வந்தது. ஜெபசிங்குக்கும் பாக்கியமணிக்கும் முதல் ஓலை. தடை இருந்தால் தெரிவிக்கலாம் என்றார் குருவானவர். ஞானையாவின் முஷ்டி வாயை விட்டு நகரவில்லை. தேவபிரசாதத்துக்கும் ஜீவமணிக்கும் மூன்றாம் ஓலை. தடை இருந்தால் தெரிவிக்கலாம் என்றார்.

ஞானையா முஷ்டியை எடுத்தார்.

"சவத்துமூதி."

கூரையில் இருந்த புறாக்கள் பறந்தன. பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். துண்டைப் பிடித்திருந்த ஜெபசீலன் பாய்ந்து எழுந்து, ஐயா மன்னிக்கணும், அத்தானுக்குச் சுகமில்லை, வாயில் வருவது இன்னதென்று அவருக்கே தெரியாது என்று பெரிய விளக்கமாகக் கொடுத்தார். குருவானவர் தலையை அசைத்துவிட்டு அடுத்த தாளை எடுத்தார். அவ்வளவுதானா என்று ஞானையாவுக்கு நெஞ்சு எரிந்தது. கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அழுகை இல்லை அது, முழுக்க ஆத்திரம்.

பெண்கள் பக்கத்தில் ஜீவமணி எழுந்து நின்றாள்.

"ஐயா, ரெண்டு ஓலையையும் மறுபடி ஒருக்க வாசிங்க. தயவுபண்ணி."

அவள் குரலில் தயவு எதுவும் இல்லை. குருவானவர் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு வாசித்தார். ஜெபசிங், பாக்கியமணி. தடை உண்டா? ஞானையா வாயை மூடிக்கொண்டு குருவானவரையே பார்த்தார். இப்போது கோயிலில் எல்லாரும் அவரைத்தான் பார்த்தார்கள். தேவபிரசாதம், ஜீவமணி. தடை உண்டா?

"சவத்துமூதி."

யாரும் சிரிக்கவில்லை. ஜீவமணி வேதபுத்தகத்திலிருந்து மடித்த தாளை எடுத்துப் பிரித்தாள். ஒரு வாரமாக அந்தத் தாளில் இல்லாமல் இருந்த சொல் இப்போது கிடைத்துவிட்டது. கொண்டை போட்ட பெண், இடுப்பளவு வளர்ந்த குழந்தை, குறுக்கே அழுந்திக் கிழிந்த இரண்டு கோடு.

"மாமா, இது சிலுவை இல்ல. அப்பா வேண்டாம்னு குறுக்க அடிச்சிருக்காவ." தாளை ஜெபசீலன் பக்கம் திருப்பிக் காட்டினாள். "இதுல நிக்கது நான் இல்ல. கொழும்புல ஏற்கெனவே ஒருத்தி இருக்கா, பிள்ளையோட. அப்படித்தானப்பா?"

ஞானையாவின் தலை மேலும் கீழுமாக ஆடியது. அந்தத் தலைக்குத் தெரிந்த ஒரே ஆட்டம்தான். ஆனால் இந்தத் தடவை யாரும் அதைத் தப்பாகப் படிக்கவில்லை. குருவானவர் மூன்றாம் ஓலையைத் தனியே மடித்து அங்கிக்குள் வைத்தார். இதை விசாரிக்காமல் கல்யாணம் இல்லை என்றார்.

ஜெபசீலன் கையிலிருந்த துண்டால் தன் வாயையே பொத்திக்கொண்டார். ஞானையா மெல்லத் திரும்பி, மைத்துனர் முகத்தை நேருக்கு நேர் பார்த்து, சத்தமில்லாமல், ஒவ்வொரு எழுத்தாக, அதே சொல்லை இன்னொரு முறை சொன்னார். அதை மொழிபெயர்க்க அங்கே யாரும் தேவைப்படவில்லை.