பதினாலாம் நம்பர் பஸ்

தாலப்ரூக் கூடைப்பந்துக் கழகத்துக்கு நான் பத்தொன்பது வருடமாகச் செயலாளர். கழகத்தின் வரலாற்றை எழுதச் சொல்லி இரண்டு முறை தீர்மானம் போட்டார்கள். எழுதியதைப் படித்துவிட்டு, அச்சிட வேண்டாம் என்றும் இரண்டு முறை தீர்மானம் போட்டார்கள். அதனால் இங்கே சொல்லிவிடுகிறேன்.

1969இல் கண்காட்சித் திடலில் ஆட்டுக் கம்பளி வைக்கும் கொட்டகையில் கழகம் தொடங்கியது. ஆடுகளம் நீளத்தில் மூன்றடி குறைவு. வேகமாக ஓடிப் பந்தைப் போட்டவன் சுவரில் போய் மோதாமலிருக்க மெத்தை கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். அப்போது நாங்களும், பதினெட்டு கிலோமீட்டர் தள்ளியிருக்கும் டன்வாராவும் ஒரே கழகம்தான். மூன்றாம் வருடம் தலைவர் பதவிக்குச் சண்டை வந்தது. டன்வாராக்காரர்கள் ஏணி வைத்து ஒரு பக்கத்து வளையத்தைக் கழற்றி, பின்பக்கம் திறந்த யூட் வண்டியில் போட்டுக்கொண்டு போய்த் தனிக் கழகம் கண்டார்கள். அந்த வருடம் இரண்டு ஊரிலும் ஒற்றை வளையத்தில்தான் ஆட்டம். பாதிச் சொத்து பாதிப் பேருக்கு என்று அவர்கள் சொன்னதில் நியாயம் இல்லாமலில்லை.

1986இல் பதினாறு வயதுக்குட்பட்ட பெண்கள் இறுதிப் போட்டியில் இரண்டு ஊரும் மோதின. எங்கள் குறிப்பேட்டில் நாங்கள் ஒரு புள்ளி அதிகம். அவர்கள் குறிப்பேட்டில் அவர்கள் ஒரு புள்ளி அதிகம். போட்டி நடத்தும் லீக்காரர்கள் வெறுத்துப்போய் அந்த வருடத்துக்கு எதிரே ஒன்றும் எழுதாமல் விட்டுவிட்டார்கள். இரண்டு ஊரும் சொந்தமாகக் கேடயம் செய்து மாட்டிக்கொண்டன. அதே ஆட்டத்தில் டன்வாராவின் கோரல் டென்ச் முழங்கையால் ஓங்கிக் கொடுத்ததில், எங்கள் டெஸ்லி பர்செல்லுக்கு முன்பல் ஒன்று போனது.

டெஸ்லிக்கு இப்போது ஐம்பத்து மூன்று வயது. பள்ளிப் பேருந்து ஓட்டுகிறாள். டன்வாராவில் பள்ளிக்கூடம் மூடிய பிறகு இரண்டு ஊர்ப் பிள்ளைகளையும் அவளுடைய பதினாலாம் நம்பர் பஸ்தான் ஏற்றிக்கொண்டு வருகிறது. மாலையில் எங்கள் பெண் பிள்ளைகளுக்குப் பயிற்சியும் கொடுப்பாள். கோரலின் பேத்தி பிரையரும் அதே பஸ்தான். ஆறு வருடமாக தினமும் காலையில் கோரல் கேட்டருகே நின்று பேத்திக்குக் கையசைப்பாள். ஓட்டுகிறவளைப் பார்க்க மாட்டாள்.

போன வருடம் எங்களிடம் மிஞ்சியது நான்கு பெண்கள். டன்வாராவிடம் மூன்று. கூடைப்பந்துக்கு ஐந்து பேர் வேண்டும் என்பது இரண்டு ஊரும் தகராறில்லாமல் ஒத்துக்கொண்ட ஒரே விஷயம். ஆகவே கழகங்களை இணைக்க முடிவாயிற்று. எங்கள் தலைவர் கிளைவ் ஹேபர்ஃபீல்ட், கோதுமை விவசாயி. அவர்கள் தலைவர் மர்ரி டென்ச், டயர்க் கடைக்காரர், கோரலின் அண்ணன்.

முதல் கூட்டம் முழுக்கப் பெயர்.

"தாலப்ரூக்-டன்வாரான்னு வைப்போம். மூத்த கழகம் முன்னாடி வரணும்ல," என்றார் கிளைவ்.

"மூத்ததாம்! அம்பத்து நாலு வருஷத்துல ஒரு கப்பு உண்டாய்யா உங்களுக்கு?" என்றார் மர்ரி.

"எண்பத்தாறு!"

"அது எங்களுது!"

இரண்டாம் கூட்டத்தில் இரண்டு பேரும் பழைய குறிப்பேட்டோடு வந்தார்கள். மூன்றாவதில் பனியன் நிறம். எங்கள் பச்சையும் அவர்கள் மெரூனும் கலந்து ஒருத்தர் வரைந்து காட்ட, அது அழுகிய பீட்ரூட் போல இருந்ததால், ஆராய ஒரு துணைக் குழு அமைத்தோம். லாமிங்டன் கேக் மட்டும் மிச்சமில்லாமல் தீர்ந்தது.

பின்வரிசையிலிருந்து டெஸ்லி எழுந்தாள். "கிளைவ், வெள்ளிக்கிழமை அஞ்சு மணிக்குள்ள டீமைப் பதியணும். இல்லன்னா இந்த வருஷம் புள்ளைங்க ஆடவே முடியாது."

"அவசரப்படாதே டெஸ்லி. அடிப்படையைச் சரியாப் போட வேணாமா?"

"அடிப்படை போட்டு முடிக்கறதுக்குள்ள அதுங்க பாட்டியாயிடுங்க."

"அதெல்லாம் குழு பாத்துக்கும்."

அவள் நாற்காலியை மடித்து வைத்துவிட்டு வெளியே போனாள். கோபமா என்று கேட்டேன். "கோபமெல்லாம் இல்லப்பா. இத்தனை வருஷம் இவங்க கிளப்புக்காக ஆடினோம்னு நெனச்சேன். இவங்க சண்டைக்குத்தான் ஆடியிருக்கோம்," என்றாள்.

லீக் விதிப்படி ஐந்து பெரியவர்கள் கையெழுத்துப் போட்டால் புதுக் கழகம் தொடங்கலாம். வெள்ளிக்கிழமை மாலை பிள்ளைகளை இறக்கிக்கொண்டே போன டெஸ்லி ஒவ்வொரு நிறுத்தத்திலும் விண்ணப்பத் தாளை நீட்டினாள். இரண்டு அம்மாக்களும் ஒரு அப்பாவும் போட்டார்கள். அவளோடு சேர்த்து நான்கு. மற்றவர்களெல்லாம் விதைப்பில் இருந்தார்கள். கடைசி நிறுத்தம் கோரல் வீடு. மணி நாலே முக்கால்.

டெஸ்லி இஞ்சினை அணைத்துவிட்டு இறங்கினாள். முப்பத்தேழு வருடத்தில் அதுதான் முதல் பேச்சு.

"ஒரு கையெழுத்து வேணும்."

கோரல் தாளை முழுக்கப் படித்தாள். "உன் பல்லை உடைச்சவகிட்டயா வந்து கேக்குறே?"

"வேற ஆள் இல்ல."

"நான் வேணும்னு செய்யல, டெஸ்லி."

"வேணும்னுதான் செஞ்சே."

கோரல் கொஞ்சம் யோசித்தாள். "ஆமா. வேணும்னுதான். நீ என்னைத் தாண்டித் தாண்டிப் போய்க்கிட்டே இருந்தே. வேற வழி தெரியல."

டெஸ்லிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பஸ் படியிலிருந்து பிரையர் கத்தினாள்: "பாட்டி, பல்லுக் கதைய அப்புறம் பேசு, கையெழுத்தப் போடு! இன்னும் பத்து நிமிஷம்தான் இருக்கு!"

"கழகத்துப் பேர் எழுதல பாரு," என்றாள் கோரல், கையெழுத்தைப் போட்டபடி.

"பதினாலாம் நம்பர்னு எழுதுங்க," என்றாள் பிரையர். யாரும் விவாதிக்கவில்லை. துணைக் குழுவும் அமைக்கவில்லை. தாளைப் போனில் படம் பிடித்து நாலு ஐம்பத்தாறுக்கு லீக்குக்கு அனுப்பினார்கள்.

முதல் ஆட்டத்தில் ஐம்பத்தொன்றுக்கு ஒன்பது என்று தோற்றார்கள். வெள்ளைப் பனியனில் மைப் பேனாவால் எழுதிய எண்கள் வியர்வையில் கரைந்து, யார் எந்த எண் என்று நடுவருக்கே தெரியவில்லை. மறுவாரம் முதல் கோரலும் ஆடுகளத்தோரம் டெஸ்லிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். ஒருத்தி ஓடச் சொல்வாள், மற்றவள் தடுக்கச் சொல்வாள். பிள்ளைகள் இரண்டையும் கற்றுக்கொண்டார்கள். ஜூலையில் ஜெயிக்கத் தொடங்கி அரையிறுதி வரை போனார்கள்.

அரையிறுதிக்குக் கிளைவும் மர்ரியும் தனித்தனியாக வந்தார்கள். இடமில்லாததால் பக்கத்துப் பக்கத்தில் உட்கார வேண்டியதாயிற்று. பாதி ஆட்டத்துக்குள் இரண்டு பேரும் எழுந்து நின்று, நடுவருக்குக் கண் தெரிகிறதா என்று ஒரே குரலில் கேட்டுக்கொண்டிருந்தார்கள். இரண்டு புள்ளியில் தோற்றோம். பெண்கள் அழுதார்கள். டெஸ்லி ஒவ்வொருத்தியையும் அணைத்துத் தட்டிக்கொடுத்துவிட்டு, பஸ்ஸில் ஏறி, யாருக்கும் தெரியாமல் தானும் கொஞ்சம் அழுதாள். சந்தோஷமாக இருந்ததாகப் பிறகு சொன்னாள்.

ஒரு மாதத்தில் அந்த அணியின் படம் இரண்டு கழகச் சுவரிலும் ஏறியது. 'நம் இளையோர் அணி' என்று எங்கள் படத்துக்குக் கீழே எழுதச் சொன்னார் கிளைவ். எழுதினேன். டன்வாராவிலும் அதையே எழுதியிருப்பதாகக் கேள்வி.

இந்த வருடம் பதினாலாம் நம்பரில் இருபத்தாறு பிள்ளைகள் சேர்ந்திருக்கிறார்கள். எங்கள் கழகத்தில் யாரும் இல்லை. டன்வாராவிலும் அதே கணக்கு. போன மாதம் இரண்டு கழகமும் டெஸ்லிக்கு ஒரே நாளில் கடிதம் போட்டன. எங்களோடு இணைந்துகொள்ளுங்கள், மரபு காக்கப்படும் என்று. அவள் இரண்டையும் பஸ்ஸில் உரக்கப் படித்துக் காட்டினாளாம்.

"யாரு இவங்க?" என்று கேட்டானாம் முன் இருக்கையில் இருந்த ஏழு வயதுப் பையன்.

டெஸ்லிக்கு மனசு கேட்கவில்லை. இரண்டு தலைவர்களுக்கும் பதில் எழுதினாள்: சனிக்கிழமை காலையில் பிள்ளைகளுக்கு இறைச்சிச் சாசேஜ் சுட ஆள் வேண்டும், வர முடியுமா?

வருகிறார்கள். போன சனிக்கிழமை நானும் போயிருந்தேன். ஏப்ரன் கட்டிக்கொண்டு அடுப்பின் இரண்டு பக்கமும் நின்று, வெங்காயம் ரொட்டியில் முதலில் போடுவதா, சாசேஜுக்கு மேலே போடுவதா என்று வாதாடிக்கொண்டிருந்தார்கள். பிள்ளைகள் வரிசையில் நின்று, தட்டை ஏந்தியபடி, தீர்ப்புக்காகக் காத்திருந்தார்கள். கடைசியில் கோரல் வந்து இருவர் கையிலிருந்த இடுக்கியையும் பிடுங்கிக்கொண்டாள்.