சபுராவின் தோடு

சனிக்கிழமை சாயங்காலம் பனியன் கம்பெனி வாசலில் புருஷன்மார்கள் கூடி நிற்பார்கள். பெண்டாட்டி மேல் பாசம் பொங்கி வந்தவர்கள் என்று நினைத்துவிட வேண்டாம். கணக்குப்பிள்ளை பெயர் கூப்பிட்டு வாரச் சம்பளம் கொடுப்பார். மாரக்காள் என்று கூப்பிட்டால் அவள் புருஷன் லிங்கசாமி கையை நீட்டுவான். வாரம் முழுக்க நின்று பனியன் மடித்த மாரக்காள், காலிச் சோற்றுத் தூக்குப்போசியோடு அவன் பின்னால் நிற்பாள். நல்லூரில் இதை அநியாயம் என்று யாரும் சொன்னதில்லை. அவர்கள் இருந்த வளவில், வரிசை வீடுகளில் ஒன்றுக்கு, சபுரா குடிவரும் வரைக்கும் மாரக்காளும் சொன்னதில்லை.

சபுராவும் அதே மேஜையில் மடிப்பவள்தான். அவள் புருஷன் சிக்கந்தர் வேறொரு கம்பெனியில் கட்டிங் மாஸ்டர். அவனும் சனிக்கிழமை வாசலுக்கு வந்தான். இவனும் வாங்கிக்கொண்டு போகத்தான் வந்திருக்கிறான் என்று மாரக்காள் திருப்தியாக இருந்தாள். பெயர் கூப்பிட்டதும் சபுராவே போய்க் கையெழுத்துப் போட்டு வாங்கி, முந்தானையில் முடிந்துகொண்டாள். அவன் அவளுடைய தூக்குப்போசியை வாங்கிக்கொண்டு கூட நடந்தான், அவ்வளவுதான். அன்றைக்கு மாரக்காளுக்குச் சோறு இறங்கவில்லை.

மறுநாள் குழாயடியில் கேட்டே விட்டாள். சபுரா ஏதோ மழை பெய்தது என்று சொல்வது போலச் சொன்னாள்.

"எனக்குச் சோறு, துணி, வீடு எல்லாம் அவர்தான்க்கா குடுக்கணும். நான் சம்பாதிச்சாலும் அது அவர் கடமை. என் காசு என் காசு. எங்க மார்க்கத்துல அப்படி."

அதற்கப்புறம் மாரக்காளின் கண் சபுராவின் மேலேயே இருந்தது. அவள் ஊத்துக்குளி வெண்ணெய் வாங்கினாலும் எரிந்தது, அவள் அம்மாவுக்குச் சேலை எடுத்தாலும் எரிந்தது. சிவப்புக்கல் தோடு ஒன்று செய்து போட்டுக்கொண்டு வந்தாளே, அன்றைக்கு வயிற்றில் அடுப்பே வைத்த மாதிரி இருந்தது. மாரக்காளின் காதில் இருந்தது வேப்பங்குச்சி. மங்கலத்தில் தறி போடுகிறேன் என்று லிங்கசாமி வாங்கிப் போன தோடு அவள் பிறந்த வீட்டில் போட்டது. தறியும் வரவில்லை, தோடும் வரவில்லை. கேட்டால், குடும்பத்துக்குத்தானே போச்சு என்பான்.

அரிசிக்கு ரேஷன் கடையில் கால் கடுக்க நின்ற வருஷம் அது. நூல் கிடைக்காமல் சிக்கந்தரின் கம்பெனியை மூடிவிட்டார்கள். அவன் கிடைத்த கூலிக்கெல்லாம் போனான், போதவில்லை. சபுராவின் சம்பளம் அடுப்புக்குப் போனது. பிறகு ஒருநாள் அவள் தோடில்லாமல் வேலைக்கு வந்தாள்.

மாரக்காளுக்கு எவ்வளவு சந்தோஷம் என்கிறீர்கள். ஓடிப்போய் வேப்பங்குச்சி ஒடித்து, பதமாகச் சீவி, தன் கையாலேயே சபுராவுக்குப் போட்டு விட்டாள்.

"ஓட்டை தூர்ந்து போயிருங் கண்ணு" என்றாள் பாசமாக. "ஆக, உன்ர காசும் அடுப்புக்குத்தான் போச்சு."

"போகட்டுங்க்கா. அவர் மேல கடனா நிக்குது."

"புருஷன் மேலயா கடன்?"

"எனக்குச் சோறு போடறது அவர் பொறுப்பாச்சே. இப்ப முடியல. நான் போட்டேன். வேணாம்னு நான் விட்டாத்தான் போகும்."

"விட்டுட்டியா?"

"விடலையே" என்று சிரித்தாள் சபுரா.

வாய்ப்பேச்சு என்று மாரக்காள் மனதைத் தேற்றிக்கொண்டாள். ஆம்பிளையாவது, பெண்டாட்டிக்குக் கடன் கட்டுவதாவது. கொஞ்ச காலம் நிம்மதியாகத் தூங்கினாள்.

மூடிய கம்பெனியை மறுபடி திறந்து சில மாதம் கழித்து, ஒரு வெள்ளிக்கிழமை ஜும்மா தொழுகை முடிந்து வந்த சிக்கந்தர் வளவு வாசலிலேயே ஒரு பொட்டலத்தைச் சபுராவிடம் கொடுத்தான். அதே சிவப்புக்கல். விற்ற தோட்டைப் போலவே செய்யச் சொல்லி வாங்கியிருந்தான். சபுரா குச்சிகளைப் பிடுங்கிச் சாக்கடையில் போட்டுவிட்டுத் தோட்டைத் திருகிக்கொண்டாள். போனது மாரக்காள் சீவிய குச்சி.

லிங்கசாமி விழுந்து விழுந்து சிரித்தான். "பொண்டாட்டிகிட்டத் தின்ன சோத்துக்குக் கடன் கட்டறானாமா, கிறுக்கன்."

மாரக்காள் சிரிக்கவில்லை. தோட்டின் மேல் இருந்த பொறாமையெல்லாம் இப்போது அந்தக் கடன் என்ற சொல்லின் மேல் வந்து நின்றது. லிங்கசாமி வாங்கிப் போன அவள் தோட்டுக்கு அந்தப் பெயரை யாருமே வைக்கவில்லையே.

மறுநாள் கணக்குப்பிள்ளை மாரக்காள் என்று கூப்பிட்டார். லிங்கசாமி வழக்கம் போலக் கையை நீட்டினான். அவள் தன் காதுக் குச்சி இரண்டையும் கழற்றி அந்தக் கையில் வைத்தாள்.

"இதென்ன?"

"என்ர தோடுங்க. வாங்கிட்டுப் போனதைத் திருப்பிக் குடுக்கற வரைக்கும் இதை நீங்களே வெச்சுக்கங்க."

அவன் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டு நின்றபோது அவள் முன்னே போய்ச் சம்பளத்தை வாங்கினாள். முந்தானையில் முடிந்துகொண்டு, சபுரா பார்த்தாளா என்றுதான் முதலில் திரும்பிப் பார்த்தாள்.