பெட்டி சொன்ன நாமு

யாங்குபா காலால் அந்தக் கறுப்புப் பெட்டியை மிதித்தான். "நாமு" என்றது பெட்டிக்குள்ளிருந்து என் குரல். நான் வாயைத் திறக்கவேயில்லை. வாய் நிறைய மென்ற கோலாக்கொட்டை இருந்தது.

"எப்படி இருக்கு அக்கா?" என்றான் என் தம்பி, பல்லெல்லாம் தெரிய.

"துப்பணும் போல இருக்கு."

கேலி என்று நினைத்துச் சிரித்தான் கழுதை.

நாங்கள் பாணர் குடி. அவன் சுரைக்குடுக்கைக் கோராவை வயிற்றில் சாய்த்து மீட்டி ஒரு வரி பாடுவான். பக்கத்தில் உட்கார்ந்து நான் "நாமு" என்பேன். ஆமாம், அப்படித்தான், நான் சாட்சி என்று அர்த்தம். அது வராமல் அடுத்த வரிக்குப் போக அவனுக்கு உரிமை கிடையாது. பொய்யென்றால் நான் சும்மா இருந்துவிடுவேன், பாட்டு அங்கேயே நின்றுவிடும். நிலத்தகராறு வந்தால் எங்கள் பெரியவர்கள் முதலில் கேட்பது, பாட்டில் என்ன இருக்கிறது, நாமு விழுந்ததா என்பதுதான்.

சூலுகுண்டா ஆற்றோரத்தில் முதன்முதலில் காடு வெட்டிக் குடியேறியவர் சானே வீட்டுப் பெரியவர். இது ஊரறிந்த விஷயம். இன்று அங்கே நியீமா சானேயும் அவள் வீட்டுப் பெண்களும் முழங்கால் சேற்றில் நின்று நெல் போடுகிறார்கள். அந்த இடத்தில் இன்னொரு ஓட்டல் கட்ட வேண்டும் என்று ஓட்டல் முதலாளி அல்ஹாஜி துராமானுக்கு ஆசை. அதனால் யாங்குபாவின் புதுப்பாட்டில் முதலில் குடியேறியவர் துராமானின் பாட்டனாராகிவிட்டார்.

பாட்டைக் குறை சொல்ல மாட்டேன். வெளிநாட்டில் படித்து வந்து, கோராவுக்கு அடியில் வயலின்களை ஓடவிட்டிருக்கிறான். அந்த இடம் வரும்போது எனக்கு உடம்பு சிலிர்க்கிறது. அதுதான் இன்னும் எரிச்சல். திறமையில்லாதவன் என்றால் தொலைகிறான் என்று விட்டுவிடலாம்.

"நியீமா போட்ட சோத்தத் தின்னு வளர்ந்தவன்டா நீ."

"அக்கா, டாக்கர் பட்டணத்துல இருந்து வயலின்காரங்க வந்து உக்காந்திருக்காங்க. மேடை, மைக்கு, அவங்க ரூமு எல்லாம் அல்ஹாஜி குடுத்தது. இது நடக்கலன்னா என் பாட்டு லேப்டாப்லயே செத்துப்போகும். அவரு கேக்குறது ஒரே ஒரு வரி."

"அந்த வரிக்கு என்கிட்ட நாமு கிடையாது."

"தெரியும். அதான் பெட்டி. நீ முன்னாடி சொன்னதுல இருந்து எடுத்ததுதான். உன் குரல்தானே, வேற எவ குரலையாவது போட்டேனா?"

"பொணத்துக்கிட்ட கைநாட்டு வாங்குறவனும் இப்படித்தான்டா சொல்லுவான், அவன் விரல்தானேன்னு."

சமாதானமாகத் தோளில் கைபோட்டான். அவன் மேலெல்லாம் துராமான் ஓட்டலின் சோப்பு வாசனை. அந்தக் கையைத் தட்டிவிட்டேன்.

நேரே நியீமாவிடம் போய் எல்லாவற்றையும் சொன்னேன். மேடைக்கு வராமல் இருந்தால் உள்ளேயிருந்து நாமு சொல்கிறேன் என்று ஊர் நினைத்துவிடும். அதனால் வருவேன், எல்லோர் முன்னாலும் வாயை மூடிக்கொண்டு உட்காருவேன் என்றேன். அவள் சேற்றுக்கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டாள்.

"நீ சொல்லலன்னு நாலு பேரு கண்ணால பாத்தாப் போதும் தீதா. பெரியவங்க முன்னாடி அதை வெச்சே நான் பேசிக்குவேன்."

சாயங்காலம் ஓட்டல் புல்வெளி நிறைந்துவிட்டது. பெரியவர்களும் வந்திருந்தார்கள். கட்டில் விரிப்பு அளவுக்கு அகலமான, கஞ்சி போட்ட அங்கியில் துராமான் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். சற்றுமுன் தின்ற ஆட்டுக்கறியின் கொழுப்பு உதட்டில் மின்னியது. அதை அவர் துடைக்கவுமில்லை. பின்னால் நியீமா நின்றபடி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அந்த வரி வந்தது. வயலின்கள் அடங்கின. பழக்க தோஷம், யாங்குபா ஒரு கணம் என் முகத்தைப் பார்த்தான். பிறகு மிதித்தான்.

"நாமு."

சுற்றியிருந்த எல்லா ஒலிபெருக்கியிலிருந்தும் நான்தான். அத்தனை இனிமையாக நான் என் கல்யாணத்தில்கூடப் பாடியதில்லை. "பொய்" என்று கத்தினேன். என் மைக்கை எப்போதோ அணைத்திருந்தார்கள், வயலின்கள் மறுபடி கிளம்பி அதையும் விழுங்கிவிட்டன. கத்தியதில் வாய் அசைந்ததுதான் மிச்சம், பார்ப்பவர்களுக்கு நானே நாமு சொன்னதுபோல. நியீமாவின் முகம் மாறுவது தெரிந்தது. சட்டென்று இரண்டு கைகளாலும் வாயை இறுக்கிப் பொத்திக்கொண்டேன்.

கூட்டம் உருகிப்போனது. "பாவம், தாங்க முடியாம அழுவுறா" என்று யாரோ சொன்னார்கள். துராமானின் மூத்த மனைவி வளையல் குலுங்க மேடையேறி வந்தாள். பாடுகிறவளுக்குச் செய்வதுபோல பரிசாக ஒரு புதுப் பணநோட்டை என் நெற்றியில் வைத்து அழுத்தினாள். வேர்வையில் அது ஒட்டிக்கொண்டது.

பிய்த்தெறிய ஒரு கையை எடுத்தாலும், அடுத்த நாமுவும் என் வாயிலிருந்து வந்ததாகிவிடும். யாங்குபாவின் கால் மறுபடி பெட்டியைத் தேடிக்கொண்டிருந்தது. கைகளை எடுக்காமல், கண்வரை தொங்கிய நோட்டின் கீழே, நியீமாவாவது இதைப் பார்க்கிறாளா என்று தேடினேன்.