மர்ஜான் ஆலிமின் கபுறு

மர்ஜான் ஆலிம் என்று ஒருவர் இந்த உலகத்தில் இருந்ததேயில்லை. அவரை உண்டாக்கியது ஜுமானா டீச்சர். எத்தாளைக்குப் பக்கத்து அகதிக் குடியேற்றத்தில், பிள்ளைகளின் கொப்பிகளைத் திருத்தி முடித்த பிற்பகல்களில், மூன்று வருடம் குந்தியிருந்து ஒரு நாவலாக எழுதி உண்டாக்கினார்.

ஆலிமின் ஊர் உப்புநாடு. அங்கே கடல் வற்றினால், மூழ்கிச் செத்தவர்கள் கடைசியாகச் சொன்னதெல்லாம் சேற்றில் எழுத்தாகக் கிடக்கும். அதை வாசிக்கத் தெரிந்தவர் அவர் ஒருவர்தான். வாசித்து நாற்பது கிதாபு எழுதினார். தான் மூழ்கடித்தவர்களின் சாட்சியும் அதில் இருக்கிறது என்று அறிந்த அரசன், பொழுது சாய்வதற்குள் நாட்டைவிட்டுப் போகச் சொன்னான். ஆலிம் கிதாபுகளைத் தலையில் சுமந்து, கடல்மேல் நடந்து, யாரோ ஒருவருடைய கரையில் வந்து மௌத்தானார்.

அவரை எங்கே அடக்குவது என்ற இடத்தில்தான் டீச்சருக்குப் புத்தி பிசகியது. தன் உம்மாவின் கபுறை எடுத்து ஆலிமுக்குக் கொடுத்துவிட்டார்.

தொண்ணூறில் மன்னாரிலிருந்து விரட்டப்பட்டு வள்ளத்தில் வந்து இறங்கியவர்கள் அவர்கள். அடுத்த மாரியில், கிடுகுக் கொட்டிலுக்குள் காய்ச்சல் கண்டு உம்மா போய்ச் சேர்ந்தார். ஊர்ச்சனத்தை அடக்குகிற மையவாடி வெள்ளத்தில் கிடந்தது. டீச்சரின் மூத்த சகோதரர், அபூசாலி நானாதான் களப்பு என்கிற உப்பங்கழியோரத்து மேட்டில், உடைமரத்தடியில் குழி வெட்டி அடக்கினார். ஆணுக்கு இரண்டு, பெண்ணுக்கு மூன்று என்ற வழக்கப்படி மூன்று முருகைக்கல் நட்டார். பேர் எழுத வழியில்லை. பேரில்லாமல் கிடக்கிற உம்மாவுக்குக் கதையிலாவது மரியாதை கிடைக்கட்டும் என்று டீச்சர் அந்த மேட்டையும் மரத்தையும் கற்களையும் அச்சொட்டாக எழுதி வைத்தார். நல்ல மனசுதான். நல்ல மனசு செய்கிற கெடுதலுக்கு யாரும் வழக்கா போடுகிறார்கள்?

முந்நூறு பிரதி அடித்ததில் நாற்பது போனது. மிச்சம் அலுமாரியில் கறையானுக்குத் தீனி. இரண்டு வருடத்துக்கு முன்னர், மீலாத் பேச்சுப்போட்டிக்காக ஸஃப்னா என்ற மாணவி ஆலிமின் சரித்திரத்தை மட்டும் போட்டோகொப்பி அடித்துப் பாடமாக்கினாள். அந்தத் தாள்களில் அட்டையும் இல்லை, நாவல் என்ற சொல்லும் இல்லை. அவள் பேசி முடித்தபோது ஆண்கள்கூட அழுதார்கள். அடிபட்டு விரட்டப்பட்ட சனத்துக்கு விரட்டப்பட்ட ஆலிம் என்றால் சும்மாவா? கொப்பி வீடு வீடாகப் போனது. டீச்சரும் உள்ளூரப் பூரித்துப்போய் வாயை மூடிக்கொண்டிருந்தார். அந்தப் பூரிப்புக்காக இன்றைக்கும் அவர் தன்னை மன்னிக்கவில்லை.

போன வருடம் கொழும்பிலிருந்து ஹோட்டல்காரர்கள் வந்து களப்போரம் முழுக்க எல்லைக் கட்டை அடித்தார்கள். ஊரில் யாரிடமும் காணி உறுதி இல்லை. முப்பது வருடம் தாண்டியும் அகதி என்ற பேர்தான் இருந்தது. பள்ளிவாசல் தலைவர் பதுர்தீன் கொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு கரையெல்லாம் தேடினார். மேடு இருந்தது, மரம் இருந்தது, மூன்று கல்லும் இருந்தது. பச்சைக் கொடி ஏறியது. பெரியவர் ஒருவர் அடங்கிய பழைய ஸியாரம் என்றதும் அதிகாரிகள் பின்வாங்கினார்கள், ஹோட்டல்காரர்களும் கட்டையைப் பிடுங்கிக்கொண்டு போனார்கள். இனிச் சுவர் எழுப்பி, கூரை போட்டு, வருடா வருடம் ஆலிமின் பேரில் கந்தூரிச் சோறு கொடுப்பது என்று முடிவானது. பெண்கள் உள்ளே வரக்கூடாது என்பதும் அதில் ஒரு முடிவு.

அதைக் கேட்டதும் டீச்சருக்குப் பொறுக்கவில்லை. உம்மாவின் தலைமாட்டில் இனிக் கால்வைக்கவும் முடியாதா? பள்ளிவாசல் முற்றத்துக் கூட்டத்தில் எழும்பி, ஆலிம் தன் கற்பனை, அங்கே கிடப்பது தன் உம்மா என்று சொன்னார். பதுர்தீன் கோபப்படவில்லை. மரியாதையாகவே பதில் சொன்னார்.

“அது நீங்க எழுதினதில்ல டீச்சர். அல்லாஹ் உங்கட கையால எழுத வெச்சது.”

ஆம்பிளைக்கு ஏன் மூன்று கல் என்று கேட்டார் டீச்சர். பதுர்தீன் தாளைப் புரட்டி வாசித்துக் காட்டினார்: மூன்று சீடர்கள், ஆளுக்கொரு கல் நட்டார்கள். டீச்சரின் வசனம்தான், ஒரு காற்புள்ளிகூட மாறவில்லை.

சாட்சிக்கு உலகத்தில் ஒரு ஆள்தான் மிச்சம். அவர் முன்வரிசைக் கதிரையில் இருந்தார்.

“நானா, உம்மாவ அடக்கினது நீங்கதானே. சொல்லுங்க.”

அபூசாலி தொப்பியைக் கழற்றி, நெற்றியைத் துடைத்து, திரும்பவும் போட்டுக்கொண்டார். “எங்கட உம்மாவ மையவாடியிலதான் அடக்கின,” என்றார்.

வீட்டுக்குப் போகிற வழியில் அவராகவே பின்னால் வந்து சேர்ந்தார்.

“ஆலிம் கெடக்கிற கரையில எவனும் கை வெக்க மாட்டான் ஜுமானா. உம்மா கெடந்தா நாளைக்கே வேலி அடிச்சிருவானுகள். என்ட மூணு புள்ளையளும் அந்தக் கரையிலதான் வீடு கட்டி இரிக்கிதுகள்.”

டீச்சருக்கு அவரைக் காறித் துப்ப வேண்டும்போல் இருந்தது. அவர் சொன்னது சரி என்பதுதான் அதைவிட வெறுப்பாக இருந்தது.

கந்தூரி அன்று பெண்களைக் கயிற்றுக்கு இப்பால் நிறுத்தினார்கள். உள்ளே மூன்று கல்லுக்கும் மேலாகப் பச்சைப் போர்வை விரித்திருந்தார்கள். டீச்சர் அங்கேயே நின்று, இறந்தவர்களுக்கு ஓதுகிற யாசீனை மெதுவாக ஓதத் தொடங்கினார். பக்கத்தில் தபறுக் சோறு பகிர்ந்துகொண்டிருந்த றிஸ்மினா, ஒருகாலத்தில் டீச்சரிடம் படித்தவள், யாருக்கு ஓதுகிறீர்கள் என்று கேட்டாள். உம்மாவுக்கு என்றார்.

“உம்மாக்கு வீட்ட ஓதலாமே டீச்சர். இங்க ஆலிமுட பேருக்கு ஓதுங்க.”

நாலைந்து பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். நானாவின் மகள்மார் மூன்று பேரும் அந்தக் கூட்டத்தில்தான் நின்றார்கள், மூத்தவளின் இடுப்பில் குழந்தை இருந்தது. ஜுமானா டீச்சர் முதல் ஆயத்திலிருந்து மறுபடி தொடங்கி, மர்ஜான் ஆலிமின் பேருக்கு யாசீனை முழுசாக ஓதி முடித்தார்.